வெள்ளைச் சேவலுக்கு அரை டிக்கெட்

கோழி ஒண்ணும் பண்ணாதுங்க. காலைக் கட்டித்தான் வெச்சிருக்கறேன். நீங்க சித்த அக்கட்டால நகந்தீங்கன்னா பையைக் கீழ வெச்சுக்குவேன். ஆமாங்க, சேவல். கண்டக்டர் இதுக்கு அரை டிக்கெட் கிழிச்சுட்டான் பாருங்க. அரை டிக்கெட் போட்டா சீட்டுக் குடுக்கோணுமல்லோ, சன்னலோரமாக் குடுன்னு கேட்டேன். மொறைச்சுட்டு முன்னால போயிட்டான். நாயம் பேசுனா இந்தக் காலத்துல ஆருக்கும் புடிக்கறதில்லைங்க.

பொஸ்தகம் படிக்கறீங்களா? படிங்க படிங்க. நான் கம்முனு வர்றேன்.

இல்லைங்க, நாமக்கல் ஜில்லாவுல வெள்ளைக் கோழிக்கா பஞ்சம், இவன் எதுக்கு ஒத்தைச் சேவலைத் தூக்கீட்டு அலையறான்னு நெனைப்பீங்க. பிராய்லரும் வெள்ளைதான். அதைக் கொண்டுபோயி மன்னிப்புக் கேட்டா, நாப்பதாம் நாள் மன்னிப்பும் சேத்துச் செத்துப்போயிரும். அதுக்குன்னே மூணு சந்தை அலைஞ்சு, ஒரு கருப்பு எறகுகூட இல்லாம நாட்டுச் சேவலாப் பொறுக்குனேன். மன்னிப்புன்னா சொன்னேன்? அப்படியெல்லாம் ஒண்ணுமில்லைங்க. என்ற பேர்ல தப்பு இல்லை. முழுசாக் கேட்டீங்கன்னா நீங்களே சொல்லுவீங்க.

எம்பேரு நாச்சிமுத்து. திருச்செங்கோட்டுல போர்வெல் ரிக்குத் தொழில். எங்கூர்ல சாமி மலை மேல, நாங்க பூமிக்குள்ள. இருபத்தாறு வருசமா ஓட்டை போடறேனுங்க. ராஜஸ்தான், ஒரிசா, எல்லாம் போட்டாச்சு. நீங்க பெருந்துறைல எறங்கறீங்க, இல்லீங்களா? டிக்கெட் வாங்கயில காதுல உழுந்துச்சு. பெருந்துறைல எந்தக் கூட்... செரி, அப்பறம் கேட்டுக்கறேன்.

அஞ்சு வருசத்துக்கு முன்னால மொதலாளி என்னைய லைபீரியாவுக்குத் தாட்டிவிட்டாருங்க. நைஜீரியா இல்லைங்க. எங்கூட்டுக்காரி தெய்வானை ஆறு மாசம் நைஜீரியான்னுதான் ஊரெல்லாம் சொல்லிட்டிருந்தா. இது ஆப்பிரிக்காவுக்கு மேக்கால ஓரம். வருசத்துல பாதி நாள் மழை. அத்தனை மழை பேயற ஊர்ல போர் எதுக்குன்னு நானும் கேட்டேன். ஓடைத் தண்ணியக் குடிச்சுக் கொழந்தைங்களுக்கு வவுத்தால போவுதுன்னு ஒரு வெளிநாட்டுச் சங்கம் ஊரூருக்கு அடிபம்பு போட்டுத் தருது, அதுக்குத்தான்.

அங்க பதினாறு கூட்டமுங்க. நம்ம பக்கம் குலங்கோத்திரம்னு கூட்டம் இருக்குதல்லோ, அந்தாட்ட வெச்சுக்கங்க. க்பெல்லே, பாசா, க்ரூ, லோமா, மாண்டிங்கோ, வை, இன்னும் என்னென்னமோ. பல்லு ரெண்டு ஆடுனாத்தான் சில பேரு வாயில வரும். இது போக, அமெரிக்காவுல அடிமையாக் கெடந்து திரும்பி வந்தவங்க வம்சம் தனி. கை குலுக்குனீங்கன்னா கடைசில ரெண்டு பேரு நடுவெரலும் ஒண்ணா மாட்டிச் சொடக்குப் போடோணும். விடுதலையானவங்க போட்ட சொடக்குன்னு சொல்றாங்க. எனக்கு அது வர்றதுக்கே ஒரு மாசமாச்சு.

கூட்டத்துக்குக் கூட்டம் பாஷை வேற, சாங்கியம் வேற, இன்ன கறி திங்கப்படாதுங்கற கட்டு வேற. புது ஆளைப் பாத்ததும் நீ என்ன கூட்டம்னுதான் கேக்கறாங்க. எனக்குச் சிரிப்பு வந்துருச்சுங்க. உலகம் எங்கியோ போயிட்டிருக்குது, இன்னும் கூட்டம் பாத்துட்டு உக்காந்திருக்கறாங்களேன்னு. எல்லாம் வெளியொலகம் பாக்காததுதான். உங்க கொலதெய்வம் எந்தப் பக்கமுங்க? காங்கேயமா, இல்லை அக்கட்டால சிவன்மலைப் பக்கமா? செரி செரி, படிங்க.

எனக்கு வண்டி ஓட்ட மோமோன்னு ஒருத்தன், வை கூட்டம். அவங்க முன்னோர் சொந்தமா எழுத்து உண்டாக்குனவங்களாம். டீசல் கணக்கைக்கூட அந்த எழுத்துலதான் எழுதுவான். என்னடா இதுன்னு கேட்டா, "பாஸ், இது எங்க எழுத்து, நாங்களே செஞ்சது"ம்பான். எங்களுக்கும் ரெண்டாயிரம் வருசமா எழுத்து இருக்குதுடான்னேன். செஞ்சது ஆருன்னான். தெரியாதுன்னேன். எங்களுக்குத் தெரியும்னுட்டு வண்டியக் கெளப்பிட்டான். இந்தக் குசும்பு கோயமுத்தூர்லகூட இல்லைங்க.

எங்களுக்கு வேலை விழுந்தது சூமோட்டான்னு ஒரு காட்டூர்ல. க்பெல்லே ஆளுங்க ஊரு. போன மொத நாளே ஊர்த்தலைவர் கூட்டம் போட்டு, இவன் ஆரோட ஸ்ட்ரேஞ்சர்னு கேட்டாரு. தெரியாத பயன்னு திட்டறாங்களாட்ட இருக்குதுன்னு நெனச்சேன். அப்படியில்லைங்க. ஊட்டுக்கு வர்ற விருந்தாளிய நம்ம ஒறம்பரைங்கறோமே, அதுதான். வெளியாளு வந்தா ஊர்ல ஒருத்தரு என்ற ஒறம்பரைன்னு எந்திரிச்சுச் சொல்லோணும். அதுக்கப்பறம் அவன் என்ன ரகளை பண்ணுனாலும் அவங்கதான் பொறுப்பு. ஒருத்தரும் எந்திரிக்கலை. பொறத்தாலிருந்து ஒரு பொம்பளை எந்திரிச்சா. கெபேன்னு பேரு. என்ற வயசுதான் இருக்கும், புருசன் இல்லை, பனையெண்ணெய் வேவாரம். குரல் கம்ப்ரெஸர் மாதிரி. "இந்த ஆளு என்ற ஒறம்பரை"ன்னு ஒரே சத்தம். அவ ஊட்டுல ஒரு ரூமு குடுத்தா. நாலு மாசம் மூணு வேளையும் சோறு. அங்கயும் அரிசிச் சோறுதானுங்க. சோறு திங்காட்டி, வேற என்ன தின்னாலும் இன்னும் சாப்பிடலைன்னுதான் சொல்லுவாங்க. அந்த ஒரு விசயத்துல நாகரிகமான ஜனங்க.

இப்ப நான் மாட்டிக்கிட்ட ஒரு தோரணச் சமாச்சாரத்துக்கு வர்றேன்.

மண்ணுல தொளை போடற பிட்டை எறக்கறதுக்கு முன்னால நாங்க ரிக்குக்குப் பூசை போடுவமுங்க. போடாம ஓட்டுனா ராடு உள்ள மாட்டிக்கும். கற்பூரம் பொட்டியில கொண்டுபோயிருந்தேன், எலுமிச்சை கெடச்சுது. தோரணந்தான் இல்லை. சுத்திப் பாத்தா, ஊருக்குப் பொறத்தால காட்டுக்குள்ள போற தடத்துல, குருத்தோலையக் கிழிச்சுக் குறுக்கால கட்டித் தொங்கவுட்டிருக்குது. அம்சமான தோரணம். ஏதோ கண்ணாலத்துக்குக் கட்டி முடிஞ்சதாக்கும்னு நானே போயி அறுத்துக் கொண்டாந்து வண்டியச் சுத்திக் கட்டி, பொட்டு வெச்சு, சூடம் காட்டுனேன்.

மொதல்ல ஓடுனது மோமோ. என்னடா ஓடறான்னு திரும்பிப் பாத்தா, ஊர்ல ஒரு ஆம்பளை இல்லை. எல்லாரும் ஊட்டுக்குள்ள பூந்து கதவைச் சாத்தீட்டாங்க. ஒரு நாப்பது அம்பது பொம்பளைங்க வர்றாங்க. அழுவல, கத்தல. சும்மா நடந்து வர்றாங்க. 

அந்தக் காடு அவங்க பொம்பளைங்க சங்கத்துக் காடாம். பொண்ணுங்களை உள்ள கூட்டிட்டுப் போயிப் பழக்கிவுடற எடம். அந்த ஓலைதான் எல்லை. அதுக்கு அக்கட்டால ஆம்பளை எட்டிப் பாத்தாலே குத்தம். நான் எல்லையவே அறுத்துக் கொண்டாந்து லாரிக்கு மாட்டி, எலுமிச்சம்பழம் வேற நசுக்கியிருக்கறேன். ஒரு போர்டு வெச்சிருக்கலாமல்லோ? இங்கிலீசுல ரெண்டு வரி. என்ற கேள்வி அதுதானுங்க, இன்னைக்கும் அதுதான்.

மூணு நாள் ரிக்கு ஓடலை. பஞ்சாயத்து. அந்தச் சங்கத்துக்குத் தலைவி ஒரு அம்மா, சின்ன உருவம், ஆனா அவங்க இருமுனா ஊரே நிக்குது. நான் நேராப் போயி சாரி சொல்லிட்டு வந்தர்றேன்னேன். மோமோ வேண்டாம்னுட்டான். அங்க தப்புப் பண்ணுனவன் வாய் தொறக்கப்படாதாம். வேற ஒருத்தரு அவனுக்காகக் கெஞ்சோணும். தனக்குத்தானே கெஞ்சிக்கறவனுக்கு ஆருமில்லைன்னு அர்த்தமாம்.

கெபேதான் வந்தா. அவளோட ஆட்டுல ஒண்ணு, ஒரு வெள்ளைச் சேவல், ஒரு கை கோலாக்கொட்டை, ஒரு செம்புல குளுந்த தண்ணி. சேவல் வெள்ளையா இருந்தா மனசு வெள்ளைன்னு கணக்கு. கோலாக்கொட்டை நம்ம வெத்தலை பாக்கு மாதிரி, கசப்பு தாங்காது, ஆனா அது இல்லாம எந்தப் பேச்சும் தொடங்கறதில்லை. எல்லாத்தையும் அந்தம்மா முன்னால வெச்சுட்டு, கெபே மண்ணுல மண்டி போட்டு அவங்க ரெண்டு காலையும் புடிச்சுட்டா. "என்ற ஒறம்பரை, அவன் பண்ணுன தப்பு நான் பண்ணுனது"ன்னா. நான் அந்தாண்டை பிளாஸ்டிக் சேர்ல கால் மேல கால் போட்டு உக்காந்திருந்தேன். மோமோதான் முட்டியில ஒரு தட்டுத் தட்டிக் காலைக் கீழ எறக்குனான். அதுக்கப்பறந்தான் அந்தம்மா செம்புத் தண்ணிய ஒரு வாய் குடிச்சாங்க, குடிச்சா மன்னிச்சாச்சுன்னு கணக்கு.

அப்பறம் ஆட்டுக்கு எத்தனை பணம் வேணும்னு கெபேகிட்டக் கேட்டேன். ரெண்டு நாள் எனக்குச் சோத்துல கொழம்பே ஊத்தலைங்க அவ.

எரநூத்திப் பத்து அடியில நல்ல தண்ணி. ஊரே ஆடுச்சு. எனக்கு நெசவுத் துணியில ஒரு பெரிய அங்கி போட்டு, ஃப்ளோமோன்னு அவங்க பேரு ஒண்ணு வெச்சாங்க. பெரிய மனுசங்களுக்கு மட்டுந்தான் அந்த மரியாதை. அந்தப் போட்டோ எங்கூட்டு ஹால்ல இன்னும் தொங்குது. வர்றவங்க எல்லாருக்கும் காட்டுவேன். ஆட்டு விசயம் மட்டும் சொல்றதில்லை. அது தேவையில்லாத வெவரம் பாருங்க.

பள்ளிபாளையம் வந்துருச்சு. காவேரில தண்ணி பரவால்லை.

போன வருசம் ஆடி முடியற சமயம். கதவைத் தட்டற சத்தம். தொறந்தா ஒரு பொண்ணு, இருவது வயசிருக்கும், மொகத்துல கெபே அப்படியே. "பா"ன்னு கூப்புட்டு என்ற கையப் புடிச்சுச் சொடக்குப் போட்டா. தெய்வானை அடுப்படியிலிருந்து கரண்டியோட வந்து நின்னுட்டா. கெபே மக, லோர்ப்பு. நான் அங்க இருந்தப்ப அவ டவுன்ல தங்கிப் படிச்சிட்டிருந்தா. இந்தப் பக்கம் ஒரு காலேஜுல மருந்தாளுநர் படிப்புக்கு எடம் கெடச்சு வந்திருக்கறா. அம்மா சொல்லியனுப்பிச்சாளாம், திருச்செங்கோட்டுல ஃப்ளோமோ இருக்கறாரு, அவரு உன்னைய ஒறம்பரையா எடுத்துக்குவாருன்னு. ஈர எலையில சுத்தி ஒரு கை கோலாக்கொட்டை கொண்டாந்து முன்னால வெச்சா. தெய்வானை பாக்குன்னு ஒண்ணைக் கடிச்சுட்டு வாசல் வரைக்கும் ஓடித் துப்புனா. மிச்சத்தைப் பிரிட்ஜுல முட்டைத் தட்டுல வெச்சோம்.

நான் ஒண்ணும் கொறை வெக்கலைங்க. எங்க தெருவுலயே தெய்வானை சித்தப்பா மவன் ஊட்டு மாடியில ரூமு பாத்துக் குடுத்தேன். ஆருன்னு கேட்டாங்க. கம்பெனி வகையில தெரிஞ்ச புள்ளைன்னேன். ஒறம்பரைன்னா சொல்ல முடியும்? பத்துப் பேரு பத்து விதமாப் பேசுவாங்க. எங்க தெருவப் பத்தி உங்களுக்குத் தெரியாது. எங்க கூட்டத்துல ஒரு நல்லது கெட்டதுன்னா மூணாவது தலைமுறை வரைக்கும் தோண்டுவாங்க. நாங்க போடற போரெல்லாம் அதுக்கு முன்னால ஒண்ணுமில்லை.

பங்குனியில மாரியாத்தா நோம்பி. காப்புக் கட்டித் தெரு பூராக் கவுத்துல வேப்பெலை கட்டியாச்சு. இந்தப் புள்ளைக்கு அன்னைக்குன்னு பாத்துக் காய்ச்சல். அவங்கூர்ல காய்ச்சல்னா வேப்பெலையத்தான் கொதிக்க வெச்சுக் குடிப்பாங்க. மாடிய விட்டு எறங்கி வந்து, ஆத்தாவுக்குக் கட்டுன கவுத்திலிருந்து ரெண்டு கை எலைய உருவீட்டுப் போயி அடுப்புல வெச்சுட்டா.

அதெப்படிங்க? தெரு பூரா ஒரு சாமிக்குன்னு கட்டி வெச்சிருக்குது, கண்ணுக்குத் தெரியறதில்லையா? புது ஊருக்கு வந்தா நாலு பேருகிட்டக் கேட்டுட்டுத் தொடோணும். என்னது? தோரணமா? அது வேறைங்க. அது காட்டுக்குள்ள ஒரு ஓலை. இது மாரியாத்தா. ரெண்டும் ஒண்ணா? நீங்க பொஸ்தகத்தையே படிங்க.

தெருவே கூடிருச்சு. அவளுக்கு ஒடம்பு நடுங்குது, ஆனா நேரா நிக்கறா. "எங்கப்பாவைக் கூப்புடுங்க"ன்னு இங்கிலீசுல சொல்லிட்டு, நான் அங்கி போட்ட போட்டோவைச் செல்லுல காட்டியிருக்கறா. ஒரே சிரிப்பு. என்னையக் கூட்டிட்டு வந்தாங்க. கோயில் தர்மகர்த்தா என்ற பங்காளிதான். அவரு கேட்டாரு, "ஏப்பா நாச்சிமுத்து, இந்தப் புள்ளை உன்னைய அப்பங்குதே, உனக்கென்ன வேணும்?"

நூறு பேரு நிக்கறாங்க. எங்கூட்டுக்காரி நிக்கறா. எம்பையனுக்குச் சம்பந்தம் பேசிட்டிருக்கற ஊட்டு ஆளுக ரெண்டு பேரு நிக்கறாங்க.

"வேலை செஞ்ச ஊர்ல பாத்திருப்பனுங்க. அத்தனை பேரு மூஞ்சி ஆருக்கு நாபகம்"னேன்.

அவளுக்குத் தமிழ் தெரியாது. ஆனா புரிஞ்சுது. என்ற மூஞ்சியவே பாத்துட்டிருந்தாளல்லோ.  அப்பறம் பையிலிருந்து தண்ணி பாட்டலை எடுத்துத் தர்மகர்த்தா முன்னால வெச்சா, தார் ரோட்டுல மண்டி போட்டா, அவரு ரெண்டு காலையும் புடிச்சுட்டா. அவ கை சுட்டுச்சாம், அவரு துள்ளிட்டாரு. அட எந்திரி சாமி, எந்திரின்னு தோளைத் தொட்டுத் தூக்குனாரு. பாவம், காய்ச்சலடிக்குது புள்ளைக்கு, ஆத்தா எலைய ஆத்தா புள்ளைதான எடுத்துச்சுன்னு ஒரு பெரியம்மா சொல்லுச்சு. திருநீறு பூசி, இன்னும் ரெண்டு கை வேப்பெலை குடுத்து, ஒருத்தரு வண்டியில ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனாங்க. ரெண்டு நிமிசத்துல முடிஞ்சு போச்சுங்க. அவ்வளவுதான் வேலை. ஆமா, என்ற ஒறம்பரைதான்னு நான் சொல்லியிருந்தாலும் அதே ரெண்டு நிமிசந்தான் ஆயிருக்கும்.

போகயில என்னையத் தாண்டித்தான் போனா. "தேங்க் யூ, சார்"னா. அதுக்கு முன்னால அவ என்னைய சார்னு கூப்புட்டதே இல்லை. தனக்குத்தானே கெஞ்சிக்கறவனுக்கு ஆருமில்லைன்னு மோமோ சொன்னான்னு சொன்னனல்லோ. அவ நூறு பேரு முன்னால அப்படிக் கெஞ்சுனா. நான் வேட்டிய மடிச்சுக் கட்டீட்டு நின்னுட்டிருந்தேன்.

அடுத்த வாரமே ரூமைக் காலி பண்ணீட்டா. பெருந்துறையில காலேஜ் பக்கமாவே தங்கறா. ஏழு மாசமாச்சு. சம்பந்தமும் அமையலை, அது வேற காரணம். ஜாதகம்.

அதோட விட்டிருப்பனுங்க. கெபே விடலை. நாயித்துக்கிழமையானா சர்ச்சுக்குப் போயிட்டு வந்து போன் பண்ணுவா. திட்டுவாள்னு நெனச்சு மொத வாரம் நான் எடுக்கலை. ரெண்டாம் வாரம் எடுத்தேன். அழுவறாளுங்க, சந்தோசத்துல. லோர்ப்பு சொல்லியிருக்கறாளாம், வாராவாரம் பா பஸ்ஸேறி வந்து சோறு குடுத்துட்டுப் போறாருன்னு. காய்ச்சலப்பக் கூடவே இருந்தாருன்னு. ஊரெல்லாம் சொல்லியாச்சாம். அந்தச் சங்கத்துத் தலைவியம்மா இருக்கறாங்களே, அவங்களே சொன்னாங்களாம், அன்னைக்கு அந்தத் தண்ணியக் குடிச்சு அவனை மன்னிச்சது வீண்போகலைன்னு.

நான் என்ன சொல்லட்டும்? ஆமாங்கறேன். ஏழு மாசமா, ஒவ்வொரு நாயித்துக்கிழமையும் ஆமாங்கறேன்.

எதுக்குடா அந்தப் புள்ளை அப்படிச் சொல்லுதுன்னு மோமோவுக்கு வாட்சப்புல கேட்டேன்.  அவன் பேசி அனுப்பிச்சான். "பாஸ், உங்களுக்காகக் காலைப் புடிச்சது அவங்கம்மா. நீங்க இப்படின்னு தெரிஞ்சா ஊர்ல அவங்கம்மா மூஞ்சிதான் கெடும். ஊட்டு ஒறம்பரையோட தப்பை வெளிய சொல்ல மாட்டாங்க. நீங்க இன்னும் அவங்க ஒறம்பரைதான், பாஸ்."

போன வாரம் கெபே கேட்டா, இந்த வாரம் என்ன கொழம்பு கொண்டுபோனீங்கன்னு. நான் சாப்பிட்டுட்டு இருந்தேன். வாயில சோறு.  கீரைன்னு சொல்லிட்டு அப்படியே தட்டத்துல கைய வெச்சுட்டு உக்காந்துட்டேன். தெய்வானைதான் போனை வாங்கி வெச்சா. போயிட்டு வாங்கன்னா. அவ அதுவரைக்கும் இதப்பத்தி ஒரு வார்த்தை பேசுனதில்லை. அவளே எந்திரிச்சுப் போயி முட்டைத் தட்டுலிருந்து அந்தக் கோலாக்கொட்டைய எடுத்துத் தொடச்சு வெச்சா. வத்திப்போச்சு, ஆனா இருக்குது. இந்தா, இந்தப் பையில. தண்ணி பாட்டலும் இருக்குது. தூக்குப்போசியில சோறும் கீரைக் கொழம்பும். சொன்ன பொய்யில ஒண்ணாவது நெசமாவட்டும்னு அவதான் போட்டுக் குடுத்தா.

திண்டல் தாண்டியாச்சுங்களா? அப்ப இன்னும் கால் மணி நேரந்தான்.

ஒண்ணு சொன்னாக் கோவிச்சுக்க மாட்டீங்களே. பொறத்தால நாலு சீட்டு காலியாத்தான் கெடந்துச்சு. உங்க மடியில இங்கிலீசு பொஸ்தகத்தைப் பாத்துட்டு, பெருந்துறைன்னு டிக்கெட் கேட்டதையும் கேட்டுட்டுத்தான் இங்க வந்து உக்காந்தனுங்க. எனக்கும் அரைகுறையாப் பேச வரும். ஆனா தப்புப் பண்ணுனவன் வாய் தொறக்கப்படாதல்லோ. தெரிஞ்சவங்களைக் கூட்டிட்டுப் போகலாம்னா, இந்த விசயத்துல எனக்குத் தெரிஞ்சவங்கன்னு ஆரைக் கூப்புடுவேன்? எல்லாரும் அன்னைக்கு அந்தத் தெருவுல நின்னவங்கதான்.

நீங்க எந்தக் கூட்டமோ, எந்த ஊரோ, ஆரோ எவரோ. இனிமே நான் கேக்க மாட்டனுங்க. பஸ் ஸ்டாண்டிலிருந்து அஞ்சு நிமிசம். ஹாஸ்டல் வாசல்ல நின்னு லோர்ப்புகிட்ட ரெண்டு வார்த்தை பேசுனாப் போதும். இந்த ஆளு என்ற ஒறம்பரை, தெரியாமப் பண்ணிட்டான்னு சொல்லுங்க.

இல்லை, இருங்க. தெரியாம இல்லைங்க. தெரிஞ்சேதான் பண்ணுனேன். அதை அப்படியே சொல்லிருங்க.

காலைப் புடிக்கறதும் பேசறவங்கதான் பண்ணோணும்னு மோமோ சொன்னான். அதை உங்களைக் கேக்க மாட்டேன். நீங்க சேவலை மட்டும் புடிச்சுக்கங்க. காலை நான் புடிச்சுக்கறேன்.